கூப்பிடு தூரம்

மலைக்கு மேலே, மேகங்கள் வந்து உட்கார்ந்து இளைப்பாறிவிட்டுப் போகிற உயரத்தில் ஒரு ஏரி. ஏரிக்கு இந்தப் பக்கம் மூலக்கானல், அந்தப் பக்கம் எதிர்க்கானல், நடுவில் ஒரு கூப்பிடு தூரம் தண்ணீர். மற்ற ஊர்களில் கூப்பிடு தூரம் என்பது சும்மா பேச்சுக்குச் சொல்வது, இங்கே அதுதான் அளவு. இந்தக் கரையில் நின்று ஒருத்தி கூப்பிட்டால் அந்தக் கரையில் நிற்பவளுக்குக் கேட்க வேண்டும், அவள் பதில் சொன்னால் இவளுக்குக் கேட்க வேண்டும், அதைத் தாண்டி ஒரு முழம் போனாலும் பெண் கொடுக்கக் கூடாது என்று இரண்டு ஊரும் கட்டுப்பாடு வைத்திருந்தார்கள். அதனால் இங்கே வாழ்கிற பெண்களில் பாதிப்பேர் அங்கே பிறந்தவர்கள், அங்கே வாழ்கிறவர்களில் பாதிப்பேர் இங்கே பிறந்தவர்கள், சாயங்காலமானால் உலையை வைத்துவிட்டு எல்லோரும் கரைக்கு வந்து, சாப்பிட்டாயா, காய்ச்சல் விட்டதா, மாமியார் எப்படி நடந்துகொள்கிறாள் என்று தண்ணீருக்கு மேலே கேட்டுக்கொள்வார்கள், கடைசிக் கேள்வியை மட்டும் மாமியார் பக்கத்தில் இல்லாத நேரம் பார்த்து.

தண்ணீருக்கு மேலே குரல் போவதில் ஒரு சங்கதி இருக்கிறது. மெய்யெழுத்துகள் கனமானவை, அவை பாதி வழியிலேயே முங்கிவிடும். உயிரெழுத்துகள்தான் கரை சேரும். க, ச, ட, த எல்லாம் ஏரியின் அடியில் சேறோடு சேறாகக் கிடக்க, ஆவும் ஈயும் ஊவும் மட்டும் மிதந்து போய் மறுகரையில் ஏறும், ஏறியதை வைத்து மீதியை அங்கே இருப்பவர்கள் இட்டு நிரப்பிக்கொள்வார்கள், பிறந்ததிலிருந்து பழக்கம் என்பதால் யாரும் தடுமாறுவதில்லை. பிள்ளைக்குப் பெயர் வைப்பதென்றாலும் தகப்பன் கரையில் நின்று கூவ வேண்டும், எதிர்க்கரை அதைத் திருப்பிக் கூவினால்தான் அது பெயர். குருவம்மா தன் மகளுக்கு டிவியில் பார்த்து ஆசைப்பட்டு பூமிகா என்று சொன்னபோது, கீழ்நாட்டுப் பெயரெல்லாம் நம்ம தண்ணிக்கு ஒத்துவருமா என்று ஊர் கேலி பேசியது, ஆனால் 'ஊ... இ... ஆ...' என்று அது வழுக்கிக்கொண்டு போய் முதல் கூவலிலேயே திரும்பி வந்தது. அந்த பூமிகாவை எதிர்க்கானலில் மட்டக்குதிரை வைத்து மூட்டை அடிக்கும் கதிரேசனுக்குக் கொடுத்திருந்தார்கள், அவள் இப்போது முழுகாமல் இருந்தாள்.

அந்த வருஷம் பூண்டு நட்ட கையோடு எதிர்க்கரை நகரத் தொடங்கியது.

ஏரி பெருகவில்லை, மழையும் அதிகமில்லை, இந்தக் கரையில் துணி துவைக்கிற கல் எப்போதும்போல் கணுக்கால் தண்ணீரில்தான் கிடந்தது. எதிர்க்கரை மட்டும் தன் வீடுகளையும் குதிரைகளையும் முட்டைக்கோஸ் பாத்திகளையும் எடுத்துக்கொண்டு, சொல்லாமல் கொள்ளாமல் எழுந்து போகிற விருந்தாளி மாதிரி, பின்பக்கமாகப் போய்க்கொண்டிருந்தது. வெற்றிலை மென்று துப்புவதற்குள் அக்கரை சேர்கிற பரிசலுக்கு ஒரு நேரச் சோறு கட்டிக்கொண்டு போக வேண்டியதாயிற்று. ஏரியைச் சுற்றிப் போகும் குதிரைப்பாதையும் கூடவே நீண்டது. அதில் போன குதிரைகள் நடந்து நடந்து சலித்து, போன வழியே திரும்பி வந்து லாயத்தில் நின்றன.

ஊர் இதற்காக ஒன்றும் மூக்கில் விரல் வைக்கவில்லை. செய்ய வேண்டியதைச் செய்தது. கீழ்நாட்டிலிருந்து அளவுக்காரர் ஒருவர் வந்து, மூன்று கால் கருவியை நிறுத்தி, ஒற்றைக்கண்ணால் பார்த்து, ஏரி முன்பு எவ்வளவோ இப்போதும் அவ்வளவுதான் என்று சொல்லிவிட்டு வந்த மினிபஸ்ஸிலேயே மலை இறங்கிப் போனார். வரைபடத்தில் இருக்கிற ஏரி அவருடையது, இது நம்முடையது என்று ஊர் அவரை மரியாதையாக அனுப்பிவைத்தது. செல்போனை எடுத்தால், தொடர்பு எல்லைக்கு வெளியே இருக்கிறார் என்று ஒரு பெண் சொன்னாள், பார்க்காமலேயே எவ்வளவு சரியாகச் சொல்கிறாள் பார் என்று அவளை மெச்சினார்கள். வருஷா வருஷம் இந்தக் கரைச் சாமி பரிசல் ஏறிப் போய் அந்தக் கரை அம்மனைக் கட்டிக்கொண்டு வருவது வழக்கம். இந்தத் தடவை பூசாரி சாமியிடம் உத்தரவு கேட்க, சாமி இடுப்புவலி என்று சொல்லிவிட்டது. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் ஏரி வரையும்போது நீலக் குச்சி தீர்ந்துபோகிறது என்று வாத்தியார் குறைப்பட்டார். கரையில் கூவிக் கூவிப் பழகிய பெண்கள் வீட்டுக்குள்ளும் கூவினார்கள், உப்பு எடு என்பதையும் உன்மேல் ஆசையாக இருக்கிறது என்பதையும் ஒரே சத்தத்தில் சொன்னதால் மூலக்கானலில் அந்த நாட்களில் ரகசியம் என்று ஒன்று இல்லாமல் போயிற்று.

ஏழாம் மாசம் வளைகாப்புக்குப் போனபோது காலையில் ஏறிய பரிசல் பொழுது சாய்கிற நேரத்துக்குத்தான் எதிர்க்கானலைத் தொட்டது. அப்போதே மகளைக் கூட்டி வந்திருக்க வேண்டும். தலைப்பிரசவம் தாய்வீட்டில்தான், அதில் பேச்சே இல்லை. ஆனால் இவ்வளவு நேரம் வயிற்றுப்பிள்ளையோடு தண்ணீரில் ஆடிக்கொண்டு போக வேண்டாம், ஒன்பதாம் மாசம் கூட்டிப்போகலாம், அதற்குள் கரை ஒரு நிலைக்கு வந்துவிடும் என்று சம்பந்தியம்மா சொன்னாள். குருவம்மாவும் தலையாட்டினாள். அந்தத் தலையாட்டலை நினைத்து நினைத்துப் பிறகு அவள் தன் தலையைச் சுவரில் முட்டிக்கொண்டாள், அதையும் சொல்லிவிட வேண்டும்.

ஏனென்றால் கரை ஒரு நிலைக்கு வரவில்லை. எதிர்க்கானல் ஒரு பச்சைக் கோடாகி, கோடு புகையாகி, புகையும் மேகமும் எது எதுவென்று தெரியாமல் போனது. குரல்கள் நூலாக இளைத்தன. சாயங்காலத்தில் பெண்கள் கரையில் வரிசையாக நின்று அடிவயிற்றிலிருந்து கூவிவிட்டு, பதில் வருமா என்று மூச்சை அடக்கி நிற்பார்கள். வந்தவள் அழுதுகொண்டே வீட்டுக்குப் போவாள், வராதவள் அழாமல் அங்கேயே நிற்பாள். நின்றவர்கள் சோறு ஆக்கவில்லை, மாடு அவிழ்க்கவில்லை, பூண்டுக்குக் களை எடுக்கவில்லை. குருவம்மா இரண்டு கரைச் சாமிகளோடு மூன்றாம் சாமியாகக் கரைக்கல்லிலேயே உட்கார்ந்துவிட்டாள். அவள் புருஷன் சடையாண்டி வந்து கூப்பிட்டால், "இருங்க, கத்திராதீங்க, இப்பத்தான் ஏதோ கேட்ட மாதிரி இருந்துச்சு" என்பாள்.

ஆண்கள் ஊர்க்கூட்டம் போட்டார்கள். பூண்டு முற்றிக்கொண்டிருந்தது, பிடுங்கும் பருவத்தில் பிடுங்காவிட்டால் பல் விரிந்து, மண்ணிலேயே அழுகிப்போகும், அப்புறம் வருஷம் முழுக்க என்னத்தைத் தின்பது. ஊர்ப் பெரியதனம் வீரணன் கல்நெஞ்சுக்காரர் இல்லை. அவர் பெண்சாதியும் தண்ணீர் தாண்டி வந்தவள்தான், அவளும் ஒரு வாரமாகத் தலை சீவவில்லை. பதில் வந்தால் பெண்கள் எழுந்து வேலைக்கு வருவார்கள், அவ்வளவுதானே, பதில்தானே வேண்டும் என்று அவர் யோசித்தார். எல்லோருக்கும் நினைவுக்கு வந்தது பேச்சிதான், ஆள் விட்டுக் கூப்பிட்டார்கள். பேச்சி என்பவள் சடையாண்டியின் தம்பி பெண்சாதி, குருவம்மாவுக்கு ஓர்ப்படியாள். கல்யாண வீட்டில் அவள் உட்கார்ந்தால் மாப்பிள்ளையின் அத்தை மாதிரி, பெண்ணின் பெரியப்பா மாதிரி, கனைக்கிற குதிரை மாதிரி பேசிக் காட்டிப் பந்தியையே சிரிக்க வைப்பாள். பேச்சி முதலில் மாட்டேன் என்றாள். பிறகு, "எங்கக்கா ஒரு வாய் சோறு தின்னும்னா செய்யறேன்" என்றாள்.

மறுநாள் சாயங்காலம் குருவம்மா, "ஊ... இ... ஆ..." என்று கூப்பிட, "ஓ..." என்று பதில் வந்தது. தெளிவாக வந்தது. குருவம்மா ஈர மண்ணிலேயே உட்கார்ந்து முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். நல்லா இருக்கிறேன் என்றது குரல். பிள்ளை உதைக்கிறது என்றது. பூண்டு பிடுங்கிவிட்டு வா, அவசரமில்லை என்றது, எல்லாம் உயிரெழுத்தில், எதிர்க்கரைக்காரர்கள் பேசுகிற அதே இழுவையில். வரிசையில் நின்ற மற்றப் பெண்களுக்கும் அவரவர் தாய் மகளிடமிருந்து பதில் வந்தது. கரை திரும்பி வருகிறது என்று பேசிக்கொண்டார்கள். அன்றைக்கு மூலக்கானலில் எல்லா அடுப்பும் எரிந்தது.

குருவம்மா எழுந்தாள். தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டாள், பழைய சேலைகளைக் கிழித்துப் பிள்ளைத்துணி மடித்தாள், காயமருந்துக்குச் சுக்கும் திப்பிலியும் வாங்கி வைத்தாள், பூண்டுக் காட்டில் எல்லோருக்கும் முன்னால் இறங்கி எல்லோருக்கும் பின்னால் ஏறினாள். பூண்டை மண்ணோடு பிடுங்கி உதறும்போது பாட்டுக்கூட வந்தது. பைத்தியக்காரி, அவ்வளவு சந்தோஷமாக இருந்தாள். அந்த நாட்களில் நல்ல கைக்காரன் ஒருவன் இரண்டு பகல் துடுப்புப் போட்டால் எதிர்க்கானலைத் தொட்டுவிடலாம் என்று இருந்தது. போய் வந்த ஒரு பரிசல்காரன் அதைச் சொல்லவும் செய்தான். பூமிகாதான் அவசரமில்லை என்கிறாளே என்று குருவம்மா காட்டுக்குப் போனாள்.

பூண்டெல்லாம் பிடுங்கி, கட்டி, பரணில் தொங்கவிட்ட பிறகு, சடையாண்டி பரிசலுக்குத் தோல் மாற்றிக்கொண்டிருந்த ஒரு சாயங்காலம், அவள் கரைக்கு வந்து, "பூண்டு முடிஞ்சிருச்சு, நாளைக்கு வாரோம்டி" என்று கூவினாள். எப்போதும் உடனே வருகிற பதில் அன்றைக்குத் தயங்கியது. பிறகு வந்தது.

"இன்னும் கொஞ்சம் போகட்டும்மா. பூண்டைக் காயப்போட்டுட்டு வா."

குருவம்மா சரி என்று சொல்ல வாயைத் திறந்தாள். திறந்தபடியே நின்றாள். பூண்டு என்று கேட்டிருந்தது. ஊவும் உவும் அல்ல, பூண்டு, அந்தக் கனத்த 'ண்டு'வோடு, காயப்போட்டு என்பதில் இருக்கிற 'ய்'யும் 'ப்'பும் 'ட்'டும் சிந்தாமல் சிதறாமல். கூப்பிடு தூரமாக ஏரி இருந்த காலத்திலேயே ஒரு 'ண்டு' தண்ணீரைத் தாண்டி வந்ததில்லை. அதெப்படி இவ்வளவு தண்ணீரைத் தாண்டி, குரல் மெய்யோடு வந்தது?

அவள் கரையோடு நடந்தாள். பாறை ஏரிக்குள் நீட்டிக்கொண்டிருக்கிற முனையைச் சுற்றிக் கோரைக்குள் இறங்கினாள். அங்கே இடுப்பளவு தண்ணீரில், ஸ்வெட்டரைக் கழற்றித் தலையில் கட்டிக்கொண்டு, வாயருகே இரண்டு கையையும் குவித்தபடி பேச்சி நின்றாள். குளிரில் உதடு நீலம் பாரித்திருந்தது.

"அக்கா" என்றாள் பேச்சி, தன் சொந்தக் குரலில்.

குருவம்மா அடிப்பாள் என்று பேச்சி நினைத்தாள். அவள் அடிக்கவில்லை. "எத்தனை நாளாடி?" என்று மட்டும் கேட்டாள்.

"பூண்டு பிடுங்க ஆரம்பிச்சதுலருந்துக்கா. ஊரே சொல்லுச்சு. உன் வீட்டு மச்சானுக்கும் தெரியும். நீ சாப்பிடாமக் கெடந்த, செத்துருவேன்னு பயந்துட்டோம்க்கா."

"அவ குரல் எப்ப நின்னுச்சு?"

பேச்சி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். குருவம்மா தண்ணீருக்குள் இறங்கி அவள் தோளைப் பிடித்து உலுக்கினாள். "எப்பத்தான் நின்னுச்சு? சொல்லு!"

"நிக்கலக்கா" என்றாள் பேச்சி. "நான் கூவ ஆரம்பிச்சதுக்கு அப்புறமும் வந்துச்சு. முனையில நின்னா நல்லாக் கேக்கும். உனக்குக் கேட்டுறக்கூடாதுன்னு நான் அதுக்கு மேல சத்தம் போட்டேன்."

"என்ன சொன்னா?"

"வாம்மா, வாம்மான்னுதான். வேற ஒண்ணும் சொல்லல." பேச்சி முகத்தை இரண்டு கையாலும் மூடிக்கொண்டாள். "அஞ்சாறு நாளாத்தான்க்கா எனக்கும் கேக்கல."

குருவம்மா அவள் தோளை விட்டாள். ஈரச்சேலையோடு திரும்பி வந்து, தோல் மாற்றி முடியாத பரிசலைத் தண்ணீரில் தள்ளினாள். சடையாண்டி ஓடிவந்து விளிம்பைப் பிடித்தார், போன பரிசல் எதுவும் இப்போது திரும்புவதில்லை, விடியட்டும், ஆள் சேர்த்துக்கொண்டு போகலாம், பைத்தியமா உனக்கு என்றார். அவள் துடுப்பை ஓங்கினாள், தன் வாழ்நாளில் முதல் தடவையாகப் புருஷனை நீ என்று சொன்னாள்: "நீ கையை எடு." அவர் எடுத்தார். பெரியதனம் வீரணன் கரையில் நின்று, எல்லாம் உன் நல்லதுக்குத்தாம்மா செஞ்சோம் என்று தொடங்க, அவருடைய பெண்சாதி, அதுவரை தனக்கும் தாயிடமிருந்து பதில் வந்துகொண்டிருந்ததாக நம்பியவள், அவரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் பேச்சை நிறுத்திக்கொண்டார். பரிசல் கரையை விட்டுப் போகிறபோது பேச்சி தண்ணீரில் ஓடிவந்து, கேட்காமல் கொள்ளாமல், உள்ளே விழுந்தாள்.

இருவரும் மாறி மாறித் துடுப்புப் போட்டார்கள். பொழுது போய்ப் பொழுது வந்தது, பேச்சியின் முந்தியில் இருந்த பொரி தீர்ந்தது, பழைய தோலின் ஓட்டை வழியே ஊறிய தண்ணீரைச் சொம்பால் இறைத்து இறைத்துக் கை மரத்தது. மூலக்கானல் ஒரு பச்சைக் கோடாகி, கோடு புகையாகி, இல்லாமல் போனது. முன்னாலும் ஒன்றும் தெரியவில்லை. போகப்போக அகலமாகிற தண்ணீரில் எவ்வளவு போட்டால்தான் என்ன என்று பேச்சிக்குத் தோன்றியது. குருவம்மாவுக்கும் தோன்றியது, ஆனாலும் துடுப்புப் போட்டாள். ஒருநாள் காலையில் மேகம் ஏரிமேல் இறங்கி, ஒருத்தி முகம் இன்னொருத்திக்குத் தெரியாத அளவுக்கு அடைத்துக்கொண்டது.

அப்போது குருவம்மா எழுந்து நின்று, "ஊ... இ... ஆ..." என்று கூப்பிட்டாள்.

பதில் வரவில்லை. மறுபடி கூப்பிட்டாள். மூன்றாம் தடவை கூப்பிட்டபோது தொண்டை கிழிந்து ரத்தச் சுவை வந்தது. மூன்றாம் கூவலுக்கும் பதில் வராவிட்டால் கூப்பிடப்பட்டவள் உயிரோடு இல்லை என்று அந்தக் கரையில் பிறந்த யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. குருவம்மா பரிசலின் நடுவில் உட்கார்ந்து, நின்றிருந்தால் தண்ணீரில் விழுந்திருப்பாள் என்பதால் உட்கார்ந்து, மடியில் கைகளைப் போட்டுக்கொண்டு அந்தக் கைகளையே பார்த்தாள். என் மகள் வா வா என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தபோது நான் பூண்டு உதறிக்கொண்டு பாட்டுப் பாடினேன் என்று அவள் மனசு சொன்னது.

மேகத்துக்குள்ளிருந்து ஒரு குழந்தை அழுதது.

பிறந்து அதிக நாள் ஆகாத குரல். பசியா, குளிரா, தூக்க ஆளில்லாமலா, தெரியவில்லை; விட்டு விட்டு, மூச்சுக்கட்டி, வீரிட்டு அழுதது. கிட்டத்தில் இல்லை. ஆனாலும் அது வருகிற பக்கம் ஒன்று இருந்தது. குருவம்மா துடுப்பை எடுத்து அந்தப் பக்கமாகப் போட ஆரம்பித்தாள், அப்படியொரு வேகம் அந்த உடம்பில் எங்கே இருந்தது என்று தெரியவில்லை.

"புள்ள அழுகுதுக்கா" என்றாள் பேச்சி. "யாரும் தூக்கலியா? ஏன்க்கா யாரும் தூக்க மாட்டேங்கறாங்க?" அவளுக்குத் தாங்கவில்லை. கைகளை வாயருகே குவித்து, கேட்காமலே, பூமிகாவின் குரலில், "ஓ... ஓ... ஆ..." என்று ஒரு தாய் சொல்கிற மாதிரிச் சொன்னாள். இதுவரை அவள் பேசிக் காட்டியதிலேயே அதுதான் அச்சு அசலாக இருந்தது. பூமிகாவைப் பெற்றவளுக்கே ஒரு கணம் உடம்பு சிலிர்த்தது.

அழுகை நின்றது. வயிற்றுக்குள் இருந்தபோதிருந்து கேட்டுப் பழகிய குரல் அல்லவா, குழந்தை விக்கி, விசும்பி, அடங்கிவிட்டது. ஏரியில் சத்தமே இல்லை. வட்டப் பரிசலுக்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. அது தன்பாட்டுக்கு மெல்ல ஒரு சுற்றுச் சுற்றியது. எந்தப் பக்கமிருந்து அழுகை வந்தது என்பது அந்த ஒரு சுற்றில் போய்விட்டது. நாலா பக்கமும் ஒரே வெள்ளை.

குருவம்மா துடுப்பைத் தூக்கிப் பிடித்தபடி இருந்தாள். "கூப்பிடாத" என்றாள்.

"பாவம்க்கா, அம்மான்னு நெனச்சு அடங்கிருச்சு. இன்னும் ரெண்டு சத்தம் குடுத்தா நிம்மதியாத் தூங்கும்."

"நானும் அப்படித்தான்டி அடங்கிக் கெடந்தேன்." குருவம்மா எட்டி அவள் வாயைப் பொத்தினாள். "அழட்டும். அது அழுதாத்தான் எனக்கு வழி தெரியும்."

பேச்சியின் கண்ணீர் அவள் விரல்களுக்கு மேலே வழிந்து இறங்கியது. இருவரும் மூச்சுக்கூடச் சத்தமாக விடாமல் உட்கார்ந்திருந்தார்கள். குழந்தை அந்தக் குரலுக்காகக் காத்திருந்தது; வரும், வரும் என்று காத்திருக்கிற ஒரு பிள்ளையின் அமைதியைக் குருவம்மா அந்த மேகத்துக்குள் காதால் கேட்டாள், ஓடிப்போய் ஒரு வார்த்தை சொல்லிவிட மாட்டோமா என்று நெஞ்சு அடித்துக்கொண்டது, பல்லைக் கடித்துக்கொண்டு சும்மா இருந்தாள். நேரம் போனது. பிறகு அது ஏமாந்து, முன்னைவிட உரக்க, அடிவயிற்றிலிருந்து அழத் தொடங்கியது.

குருவம்மா பரிசலைத் திருப்பி அந்தப் பக்கமாகத் துடுப்பை இறக்கினாள். அழு சாமி, நிறுத்தாமல் அழு என்று, அதற்குக் கேட்டுவிடக் கூடாதே என்கிற பயத்தில் வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டு போட்டாள்.